வழிகாட்டியின் கூலி

பயணியைப் பெரிதும் மதிக்கும் மார்க்கம் இஸ்லாம். பூமியில் நடந்து சென்று, முன்னர் வாழ்ந்த சமுதாயங்கள் அடைந்த முடிவைக் கண்டு படிப்பினை பெறுமாறு திருமறை பல இடங்களில் நம்மைத் தூண்டுகிறது. பயணத்தில் இருப்பவருக்குத் தொழுகையைச் சுருக்கிக்கொள்ளவும், ரமளான் நோன்பைப் பின்னொரு நாளில் நோற்றுக்கொள்ளவும் சலுகை உண்டு. ஸக்காத்துப் பெறத் தகுதியுடைய எண்வகையினருள் வழிப்போக்கரும் ஒருவர். இத்துணை உரிமைகளைப் பெற்ற பயணிக்குக் கடமைகள் எவை என்ற வினாவை மட்டும் நாம் அதிகம் எழுப்புவதில்லை.

முற்காலத்தில் பயணம் என்றால் திங்கள் கணக்கில் நீளும். கட்டுச்சோறும், திரும்பி வருவோமா என்ற ஐயமும் உடன் வரும். இன்று நம் குடும்பங்கள் மேற்கொள்ளும் பயணங்களுள் பல அரைநாள் பயணங்களே. சுபுஹுத் தொழுதுவிட்டுப் புறப்பட்டால், ஓர் அருவியில் நீராடி, ஒரு வெந்நீர் ஊற்றையும் கண்டு, லுஹருக்குத் தங்குமிடம் திரும்பிவிடலாம். இலங்கைக்குச் செல்வோர் திருகோணமலைக்கு அருகே கன்னியாவில் உள்ள ஏழு வெந்நீர்க் கிணறுகளை ஒரு காலைப்பொழுதில் பார்த்துவிடுகின்றனர். சென்னைவாழ் மக்கள் தடாவுக்கு மேற்கே உப்பலமடுகு அருவிக்கும், கிழக்கே பழவேற்காட்டு ஏரிக்கும் செல்கின்றனர். வண்டி, வழிகாட்டி, படகு, உணவு யாவும் ஒரு தொகைக்குள் அடங்கிவிடுகின்றன. தொகையைக் கொடுத்தவுடன் நம் பங்கு முடிந்தது என்றும், இனி எல்லாம் அழைத்துச் செல்பவரின் பொறுப்பு என்றும் எண்ணிக்கொள்கிறோம்.

இந்த எண்ணம் சரிதானா? வழிகாட்டியிடம் நாம் விலை கொடுத்துப் பெறுவது என்ன? கூலியைக் கொடுத்ததும் கடன் தீர்ந்துவிடுகிறதா? பழவேற்காட்டை முன்வைத்து இவ்வினாக்களைச் சற்றே சிந்திப்போம்.

ஹிஜ்ரத்தின் வழிகாட்டி

நம் வரலாற்றின் மிகப் பெரும் பயணம், கூலிக்கு அமர்த்தப்பட்ட ஒரு வழிகாட்டியுடன் நிகழ்ந்தது. பெருமானார் (ஸல்) அவர்களும் அபூபக்கர் சித்தீக் (ரலி) அவர்களும் மக்காவை விட்டுப் புறப்பட்டபோது, பாலைவன வழிகளை நன்கறிந்த அப்துல்லாஹ் இப்னு உரைகித் என்பவரைக் கூலி பேசி அமர்த்தினார்கள். அவர் இஸ்லாத்தைத் தழுவியவரல்லர். குறைஷியரின் நெறியில் நின்றவர். ஆயினும் தங்கள் இரண்டு ஒட்டகங்களையும் அவரிடம் முன்கூட்டியே ஒப்படைத்து, மூன்று இரவுகள் கழிந்ததும் தௌர் குகைக்கு வருமாறு கூறினார்கள். பெருமானாரைப் பிடித்துத் தருவோருக்கு நூறு ஒட்டகங்கள் பரிசு என்று குறைஷியர் அறிவித்திருந்த நேரம் அது. அந்தப் பரிசு வழிகாட்டியின் கைக்கெட்டும் தொலைவில்தான் இருந்தது. அவரோ அமானிதத்தைப் பேணினார். குறித்த நாளில் வந்தார். கடற்கரையோரப் பாதையைத் தேர்ந்து அழைத்துச் சென்றார்.

அவருடைய நாணயத்தைப் புகழும் நாம், மறுபக்கத்தையும் நோக்க வேண்டும். வஹீ பெறும் இறைத்தூதர், கூலிக்கு வந்த ஒருவர் காட்டிய பாதையில் நடந்தார்கள். வழியைப் பற்றிய அறிவு அவரிடம் இருந்தது. அந்த அறிவுக்கு மதிப்பளித்தார்கள். ஆகவே வழிகாட்டியை அமர்த்துவது அவருடைய அறிவை அமர்த்துவதேயாகும். கூலி கொடுப்பதால் அவர் நம் ஏவலர் ஆகிவிடுவதில்லை. ஒட்டகத்தை அவரிடம் ஒப்படைத்தது ஓர் அமானிதம் என்றால், அவர் சொல்லுக்குக் கட்டுப்பட்டு நடந்தது அதற்கு இணையான மற்றோர் அமானிதம். இரு தரப்பாரும் பேணினால்தான் பயணம் முழுமை பெறும்.

நம் காலத்து அரைநாள் பயணத்தில் இந்த இரண்டாம் அமானிதம் எந்நிலையில் இருக்கிறது?

ஏரியும் அதன் மக்களும்

சென்னைக்கு வடக்கே ஏறத்தாழ 60 கிலோமீட்டர் தொலைவில் உள்ளது பழவேற்காடு. சில்கா ஏரிக்கு அடுத்தபடியாக இந்தியாவின் இரண்டாவது பெரிய உவர்நீர் ஏரி இங்குள்ளது. பெரும்பகுதி ஆந்திர மாநிலத்திலும், தென்பகுதி திருவள்ளூர் மாவட்டத்திலும் விரிந்து கிடக்கிறது. ஆரணியாறும் காளங்கியாறும் அதில் வந்து கலக்கின்றன. ஸ்ரீஹரிகோட்டாத் தீவு அதனை வங்கக் கடலிலிருந்து பிரிக்கிறது. குளிர்காலத்தில் பூநாரைகள் கூட்டங்கூட்டமாக வந்திறங்குகின்றன.

தமிழ் முஸ்லிம்களுக்கு இவ்வூர் அயலூரன்று. பல நூற்றாண்டுகளுக்கு முன் அரபு நாட்டிலிருந்து மரக்கலங்களில் வந்து குடியேறியோரின் வழிவந்தவர்கள் என்று இங்குள்ள முஸ்லிம்கள் வழிவழியாகக் கூறி வருகின்றனர். நேரங்காட்டும் சூரியக் கடிகை கொண்ட பள்ளிவாசல் இங்கு உண்டு. இங்கிருந்து கடல் கடந்து சென்ற துணிகளின் நினைவு, மலாய் மக்கள் உடுத்தும் ‘காயின் பெலிக்காட்’ கைலியின் பெயரில் இன்றும் வாழ்கிறது. பனையோலையில் கூடையும் பெட்டியும் முடைவது இவ்வூர் முஸ்லிம் பெண்களின் கைத்தொழில்.

ஏரியை நம்பி வாழும் மீனவக் குப்பங்களில் ‘பாடு’ என்றொரு முறை இருந்து வருகிறது. இறால் மிகுந்த இடங்களில் யார் எந்நாளில் வலை கட்டுவது என்பதை முறை வைத்துப் பகிர்ந்துகொள்ளும் ஏற்பாடு அது. இன்று நல்ல இடம் கிடைத்தவர் நாளை அதனை மற்றவருக்கு விட்டுக்கொடுக்க வேண்டும். ஏரி யாருக்கும் தனிச் சொத்தன்று. ஆனால் வரம்பற்ற பொதுவும் அன்று. அதே ஏரியில் இருளர் சமூகத்தார் இடுப்பளவு நீரில் அமர்ந்து, சேற்றைக் கைகளால் துழாவி இறால் பிடிக்கின்றனர். பிடித்ததைப் போடும் கூடையை வாயால் கவ்விக்கொண்டிருப்பர்.

இந்த ஏரியின் சராசரி ஆழம் ஏறத்தாழ ஒரு மீட்டர்தான். ஆதலால் ‘முழங்கால் தண்ணீர்தானே’ என்று புதியவர்கள் துணிகின்றனர். கடலும் ஏரியும் கூடும் முகத்துவாரத்தின் பக்கம் நீரோட்டமும் ஆழமும் வேறு. அவை மணல் சேர்வதற்கேற்ப மாறிக்கொண்டும் இருப்பவை. எங்கே மணல்மேடு, எங்கே இழுப்பு, எந்தக் காற்றில் திரும்பிவிட வேண்டும் என்பதெல்லாம் அங்கேயே பிறந்து வளர்ந்தவரின் அறிவு. அந்த அறிவுக்குத்தான் நாம் கூலி கொடுக்கிறோம்.

யார் குற்றவாளி?

2011-ஆம் ஆண்டு டிசம்பர் 25-ஆம் நாள், கிறிஸ்துமஸ் விடுமுறையைக் குடும்பத்தோடு கழிக்க வந்தவர்களை ஏற்றிச் சென்ற படகு பழவேற்காட்டில் கவிழ்ந்தது. பெண்களும் குழந்தைகளும் உட்பட 22 பேர் மாண்டனர். அதற்கு இரண்டாண்டுகளுக்கு முன், 2009 செப்டம்பர் 30 அன்று தேக்கடி ஏரியில் சுற்றுலாப் படகு கவிழ்ந்து 45 பேர் இறந்தனர். விலங்குகளைக் காணும் ஆவலில் பயணிகள் ஒரே பக்கமாகத் திரண்டதும் அதற்கு ஒரு காரணம் என்று பேசப்பட்டது. 2023 மே 7 அன்று மலப்புரம் மாவட்டம் தானூரில், மீன்பிடிப் படகை மாற்றியமைத்து உல்லாசப் படகாக்கிய ஒன்று அளவுக்கு மீறிய ஆட்களுடன் சென்று கவிழ்ந்தது. அங்கும் மாண்டவர் 22 பேர். பலர் பச்சிளம் பிள்ளைகள்.

மாண்டவர்களைக் குறை சொல்வது நம் நோக்கமன்று. அவர்களுக்காக மனம் கசிவதே மனிதத் தன்மை. அளவுக்கு மீறி ஆளேற்றும் படகுடையவரும், மேற்பார்வை செய்யத் தவறும் அதிகாரியும் சட்டத்தின் முன் நிற்க வேண்டியவர்களே. ஆனால் சட்டத்தின் விசாரணை முடியுமிடத்தில் அறத்தின் விசாரணை தொடங்குகிறது. நாளை படகில் ஏறப்போகும் நம்மை நோக்கி அது ஒரு வினாவை எழுப்புகிறது.

‘நமக்குப் படகைப் பற்றி என்ன தெரியும்? பாதுகாப்பு அவர்கள் பொறுப்பல்லவா?’ என்று ஒருவர் வாதிடலாம். வாதத்தில் உண்மை இல்லாமலில்லை. நீரின் ஆழமும் காற்றின் போக்கும் நமக்குத் தெரியாதவைதாம். ஆனால் தலைகளை எண்ணத் தெரியும். மிதவைச் சட்டைகள் எத்தனை இருக்கின்றன என்று பார்க்கத் தெரியும். பத்துப் பேருக்கான படகு என்று ஒருவர் சொன்னால், பதினைந்து பேராக வந்த நாம் அடுத்து என்ன சொல்கிறோம்? ‘குழந்தைகள்தானே, மடியில் வைத்துக்கொள்கிறோம், கூடுதலாக வாங்கிக்கொள்ளுங்கள்’ என்கிறோம். அந்தச் சிறு வாக்கியத்தில் நாம் செய்வது என்ன? கூலி கொடுத்துப் பெற்ற அறிவை, இன்னும் கொஞ்சம் கூலி கொடுத்து வாயடைக்கச் செய்கிறோம்!

படகுடைய ஏழைகள்

திருமறையின் 18-ஆவது அத்தியாயமாகிய அல்கஹ்ஃபில் மூஸா (அலை) அவர்கள் அறிவு தேடி ஒரு நல்லடியாரைப் பின்தொடர்ந்த வரலாறு வருகிறது. அவரை ஹிள்று (அலை) என்று நபிமொழிகள் குறிப்பிடுகின்றன. இருவரும் ஒரு படகில் ஏறினர். ஹிள்று (அலை) அவர்களை அறிந்திருந்த படகுக்காரர்கள் கூலி வாங்காமலே ஏற்றிக்கொண்டனர் என்பது நபிமொழி தரும் செய்தி. அந்தப் படகைத்தான் ஹிள்று (அலை) அவர்கள் சேதப்படுத்தினார்கள். இதில் உள்ளவர்களை மூழ்கடிக்கவா இப்படிச் செய்தீர் என்று மூஸா (அலை) பதறினார்கள். பின்னர் விளக்கம் கிடைத்தது: படகு கடலில் உழைக்கும் ஏழைகளுடையது, அப்பால் ஓர் அரசன் நல்ல படகுகளையெல்லாம் பறித்துக்கொண்டிருந்தான், பழுதுபட்ட படகு அவன் கையில் சிக்காது.

இவ்வரலாற்றில் ஆழ்ந்த மெய்ஞ்ஞானப் பொருள்களைப் பெரியோர் கண்டுள்ளனர். நமக்கு வேண்டியது அதன் எளிய பொருள் ஒன்று. மூஸா (அலை) அவர்களின் வினா, படகில் இருப்போரின் உயிரைப் பற்றியது. ஹிள்று (அலை) அவர்களின் விடை, படகுடையோரின் பிழைப்பைப் பற்றியது. இரண்டும் நியாயமானவை. எந்தப் படகும் இவ்விரண்டையும் சுமந்துகொண்டுதான் நீரில் இறங்குகிறது.

மற்றொன்றும் கருதத்தக்கது. சொந்தமாகப் படகு வைத்திருந்தும் அவர்களை ஏழைகள் என்றே இறைமறை அழைக்கிறது. பழவேற்காட்டில் இதற்கு விளக்கவுரை தேவையில்லை. முகத்துவாரம் தூர்ந்து போகும் காலங்களில் மீன்வரத்துக் குறைகிறது. வலை, எரிபொருள், எந்திரம் என்று செலவு மட்டும் குறைவதில்லை. அத்தகைய நாளில் ஒரு குடும்பம் வந்து, அரைநாளுக்கு ஒரு தொகையைச் சொல்லி நின்றால், ‘காற்று சரியில்லை, இன்று வேண்டாம்’ என்று சொல்ல எத்துணை மனவலிமை வேண்டும்! அவர் தலையசைப்பதை முழுச் சம்மதம் என்று நாம் கொள்ளலாகாது. பசியின் சம்மதம் வேறு, மனத்தின் சம்மதம் வேறு.

2011-ஆம் ஆண்டு விபத்துக்குப் பின் பழவேற்காட்டில் உல்லாசப் படகுப் பயணம் தடை செய்யப்பட்டது. ஆயினும் விடுமுறை நாள்களில் தடையை மீறிப் படகுகள் சென்றதாகப் பின்னரும் செய்திகள் வந்ததுண்டு. தடை உள்ள இடத்தில் ஒரு மீனவரை ஆசை காட்டி அழைப்போர் சிந்திக்க வேண்டும்: பிடிபட்டால் படகையும் பிழைப்பையும் இழப்பவர் அவர், நாமோ வண்டியேறி ஊர் திரும்பிவிடுவோம்.

மேல்தளத்தார் கடமை

கப்பலில் இடத்துக்குச் சீட்டுப் போட்டுக்கொண்ட கூட்டத்தாரைப் பற்றிய நபிமொழி நம் வீடுகளில் நன்கறியப்பட்டது. கீழ்த்தளத்தார் தண்ணீருக்காக மேலே வந்து மற்றவர்களுக்குத் தொல்லை தராமல், தங்கள் பகுதியிலேயே துளையிட்டுக்கொள்ள எண்ணினர். தடுத்தால் அனைவரும் பிழைப்பர். விட்டுவிட்டால் அனைவரும் அழிவர். இதனை ஊர் நலனுக்கும் ஆட்சிக்கும் உவமையாகச் சொல்கிறோம். மெய்யான ஒரு படகில் அமர்ந்திருக்கும்போது மட்டும் மறந்துவிடுகிறோம்! ஆள் மிகும்போது, ‘இது தகாது, நாங்கள் அடுத்த படகில் வருகிறோம்’ என்று எழுந்து நிற்கும் ஒரு குரல் போதும். பெரும்பாலும் அக்குரல் ஒரு தாயின் மனத்திலோ பாட்டனாரின் மனத்திலோ எழுந்து, மகிழ்ச்சியைக் கெடுப்பானேன் என்ற நாணத்தில் அடங்கிவிடுகிறது. தீமையைத் தடுக்கும் கடமைக்கு இடம் பள்ளிவாசல் மேடை மட்டுமன்று. படகுத்துறையும் அதற்கு உரிய இடமே.

சொல்லும் கதையும் அமானிதம்

பயணியின் கடமையைப் பேசும்போது வழிகாட்டியின் கடமையையும் சொல்லிவிட வேண்டும். அவர் கையில் உயிரோடு உண்மையும் ஒப்படைக்கப்படுகிறது. பழவேற்காட்டில் ஒல்லாந்தர் 1613-இல் கெல்திரியாக் கோட்டையைக் கட்டினர். சோழமண்டலக் கடற்கரையில் அவர்களின் தலைமையிடமாக அது நெடுங்காலம் விளங்கிற்று. கோட்டை இன்று சிதைவாகக் கிடக்கிறது. எலும்புக்கூட்டுச் சிற்பங்கள் காவல் நிற்கும் அவர்களுடைய கல்லறைத் தோட்டம் மட்டும் தொல்லியல் துறையின் பாதுகாப்பில் இருக்கிறது. வந்தவர்கள் கற்செதுக்கு வேலையை வியந்து, நிழற்படம் எடுத்துக்கொண்டு திரும்புகின்றனர்.

அந்த ஒல்லாந்தரே 17-ஆம் நூற்றாண்டில், பஞ்சத்தாலும் போராலும் நலிந்த மக்களை இக்கடற்கரையில் விலைக்கு வாங்கி, ஆயிரக்கணக்கில் பத்தேவியாவுக்கும் இலங்கைக்கும் அடிமைகளாக ஏற்றுமதி செய்தனர். அவர்களுக்குக் கல்லறை இல்லை. செதுக்கிய பெயரும் இல்லை. முன்னோரின் முடிவைக் கண்டு படிப்பினை பெறச் சொல்லும் வேதத்தை உடையவர்கள், கல்லைக் கண்டு கதையைக் காணாமல் திரும்புவது தகுமா? இனிய கதையை மட்டும் கேட்க விரும்பும் பயணி, இனிய கதையை மட்டும் சொல்லும் வழிகாட்டியை உருவாக்குகிறார். மெய்யைக் கேட்கும் செவி இருந்தால்தான் மெய்யைச் சொல்லும் நாவும் துணிவு பெறும்.

கரையும் ஒரு வீடே

பிறர் வீட்டில் நுழையுமுன் அனுமதி பெறவும், ஸலாம் உரைக்கவும் திருமறை கட்டளையிடுகிறது. மும்முறை அனுமதி கேட்டும் கிடைக்காவிடில் திரும்பிவிட வேண்டும் என்பது நபிவழி. மீனவக் குப்பத்தில் வீடு எங்கே தொடங்குகிறது? வலை உலரும் மணல், மீன் பிரிக்கும் நிழல், பெண்கள் ஓலை முடையும் திண்ணை யாவும் அவர்களுடைய வீட்டின் பகுதிகள். சேற்றில் அமர்ந்து இறால் துழாவும் இருளர் பெண் நமக்குக் காட்சிப் பொருளல்லள், பணியில் இருப்பவள். கேளாமல் அவளைப் படமெடுப்பது, கதவில்லாத வீட்டில் எட்டிப் பார்ப்பதாகும்.

பறவைகளுக்கும் இது பொருந்தும். ஏரியின் தமிழகப் பகுதி 1980-ஆம் ஆண்டில் பறவைகள் புகலிடமாக அறிவிக்கப்பட்டது. பறக்கும் காட்சியைக் காண வேண்டி, மேய்ந்துகொண்டிருக்கும் பூநாரைக் கூட்டத்தைக் கலைக்கச் சொல்வோர் உண்டு. நமக்கு அது ஒரு கணத்துக் களிப்பு. இரை தேடி நெடுந்தொலைவு வந்த உயிருக்கு அது வீணான உழைப்பு. குஞ்சுகளை இழந்து தவித்த ஒரு சிறு பறவைக்காக இரங்கி, அவற்றைத் திருப்பித் தரச் செய்த நபியின் (ஸல்) உம்மத்தினர் நாம்.

‘வேண்டாம்’ என்பதற்கும் கூலி உண்டு

இவ்வளவும் சொன்ன பின், அப்படியானால் பயணமே வேண்டாமா என்று கேட்கலாம். வேண்டும் என்பதே நம் விடை. பிள்ளைகள் ஏரியையும் பறவையையும் காண வேண்டும். முன்னோர் வந்திறங்கிய கரையில் நிற்க வேண்டும். அவ்வூர்ப் பள்ளிவாசலில் தொழ வேண்டும். படகேறாமலே ஓர் அரைநாளை நிறைவாகக் கழிக்கப் பழவேற்காட்டில் இடமுண்டு. ஊரறிந்த ஒருவரை வழிகாட்டியாக அமர்த்தி நடந்தே பார்க்கலாம். ஓலைக் கூடைகளைப் பேரம் பேசி நசுக்காமல் வாங்கலாம்.

படகுக்கு அனுமதியுள்ள வேறிடங்களுக்குச் செல்லும்போது, நம் கேள்வியை மாற்றிக்கொண்டால் போதும். ‘நாங்கள் இத்தனை பேர், ஏற்றிச் செல்வீர்களா?’ என்ற கேள்விக்கு வறுமை விடை சொல்லும். ‘உங்கள் படகு எத்தனை பேரைத் தாங்கும்? இன்றைய காற்று எப்படி?’ என்ற கேள்விக்கு அறிவு விடை சொல்லும். முதலில் நாம் கேட்டறிய வேண்டியது இரண்டாவதையே.

அவர் ‘இன்று வேண்டாம்’ என்று சொன்னால் என்ன செய்வது? இங்குதான் நம் அறவுணர்வு உரைகல்லில் தேய்க்கப்படுகிறது. பெரும்பாலோர் அடுத்த படகைத் தேடிச் செல்கின்றனர். அதன் விளைவு என்ன? உண்மை சொன்னவர் அன்று வெறுங்கையோடு வீடு திரும்புகிறார். துணிந்து ஏற்றியவர் கூலி பெறுகிறார். எச்சரிக்கையைத் தண்டித்து, அசட்டுத் துணிச்சலுக்குப் பரிசளிக்கும் சந்தையை நாமே நடத்துகிறோம். பின்னொரு நாள் விபத்து நேரும்போது, படகோட்டிகளுக்குப் பொறுப்பே இல்லை என்று பேசுகிறோம்!

நாம் விலைக்குப் பெற்றது அவருடைய அறிவு என்பது மெய்யானால், ‘வேண்டாம்’ என்ற சொல் அந்த அறிவின் மிக உயர்ந்த பயன். அதனைப் பெற்றுக்கொண்டு கூலி தராமல் போவது எவ்வகையில் நீதி? உழைப்பாளியின் வியர்வை உலருமுன் கூலியைக் கொடுக்கப் பணிக்கிறது நபிமொழி. தன் வருவாயை இழந்து நம் பிள்ளைகளைக் காத்தவரின் நெற்றியிலும் ஒரு வியர்வை அரும்புகிறது. அது கண்ணுக்குத் தெரிவதில்லை. பேசிய தொகையில் ஒரு பகுதியையேனும் அவர் கையில் வைத்து, ‘நீங்கள் சொன்னது நன்று’ என்று கூறித் திரும்பும் குடும்பம், அந்தத் துறையில் ஒரு நல்ல வழக்கத்தைத் தொடங்கி வைக்கிறது. நாளை அதே துறைக்கு வரும் முன்பின் அறியாத ஒரு குடும்பம், அதன் பயனாக உயிரோடு வீடு திரும்பக்கூடும்.

அடுத்த விடுமுறைக்குத் திட்டமிடும் குடும்பங்கள், செலவுக் கணக்கில் வண்டிக்கும் உணவுக்கும் ஒதுக்குவது போல் இதற்கும் சிறு தொகை ஒதுக்கி வைக்கட்டும். அருவிக்கரையிலோ, ஏரித்துறையிலோ, கடலோரத்திலோ, ‘இன்று வேண்டாம்’ என்று சொல்லும் நேர்மையாளர் ஒருவர் எதிர்ப்பட்டால், அவருக்குரிய பங்கு நம் மடியில் ஆயத்தமாக இருக்க வேண்டும்.